டீச்சர் வீட்டு வண்டியில் போன சிவப்பு ஃபியூஸ்

1. பேட்டரி நன்றாகத்தான் இருந்தது

காலை எட்டரை மணிக்கு போன் வந்தது. திருமலைராயன்பட்டினத்திலிருந்து ஒரு அம்மாவின் குரல்.

"தம்பி, வண்டி ஸ்டார்ட் ஆவல. ஒம்பதரைக்கு எங்க வீட்டுக்காரவுங்கள பிசியோதெரபிக்குக் கூட்டிட்டுப் போவணும். பேட்டரிக்காரர் வந்து புது பேட்டரியே மாட்டிப் பாத்துட்டாரு. அப்பவும் ஆவல. நீங்க கொஞ்சம் வர முடியுமா?"

நான் காரைக்கால் தலத்தெருவில் ஆட்டோ எலக்ட்ரிகல் பட்டறை வைத்திருக்கிறேன். பெயர் ஆல்பர்ட். எஞ்சின் வேலை செய்வதில்லை. லைட், ஹாரன், ஸ்டார்ட்டர், டைனமோ, ஒயரிங் இவைதான் என் வேலை. இருபத்தேழு வருடம் ஆகிறது. இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருகிறவர்கள் ஃபியூஸ் மாற்றுவதை ஒரு வேலையாகவே நினைப்பதில்லை. நானும் நினைத்ததில்லை. அந்த ஒரு வண்டி வரும் வரை.

கூப்பிட்டவர் மெஹருன்னிசா டீச்சர். பள்ளிக்கூடத்தில் கணக்கு சொல்லிக் கொடுத்து ஓய்வு பெற்றவர். அவர் கணவரை ஊரில் எல்லோரும் ஹாஜியார் என்பார்கள். முந்தின வருடம் அவருக்குப் பக்கவாதம் வந்து வலது கையும் காலும் விழுந்துவிட்டன. பேச்சும் குழறிவிட்டது. வாரத்தில் மூன்று நாள் காரைக்காலுக்கு வந்து பிசியோதெரபி எடுத்துக்கொண்டிருந்தார். தாழ்வான காரில் உட்கார்ந்து எழ முடியவில்லை என்பதால் பிரான்சில் இருக்கும் மகன் ஒரு எஸ்யூவி வாங்கிக் கொடுத்திருந்தார். ஆட்டோமேட்டிக் கியர், பட்டன் ஸ்டார்ட்.

நான் போனபோது வண்டி வீட்டு வாசல் சரிவில் நின்றுகொண்டிருந்தது. வண்டியில் ஏற்றிய ஹாஜியாரை மறுபடியும் இறக்கி, சக்கர நாற்காலியில் வெள்ளைச் சட்டையோடு உட்கார வைத்திருந்தார்கள். டிரைவர் சீட்டில் சிங்காரவேலு. காரைக்கால்மேட்டுக்காரர், நாற்பது வயதிருக்கும். விசைப்படகில் தொழிலுக்குப் போய்க்கொண்டிருந்தவர், வலை இழுக்கும்போது தோள்பட்டை விலகி, அதன் பிறகு டிரைவர் வேலைக்கு வந்தவர்.

"என்னா செய்யிது சிங்காரம்?"

"ஒண்ணும் செய்ய மாட்டேங்குதுண்ணே. பிரேக்க மிதிச்சிக்கிட்டு பட்டன அமுக்கணும். அமுக்குனா, பிரேக்க மிதிங்கன்னு இங்கிலீஷ்ல எழுத்து வருது. நான் மிதிச்சிக்கிட்டுத்தான் இருக்கேன். அது மிதிங்கன்னுதான் சொல்லுது."

குனிந்து பார்த்தேன். மிதித்துக்கொண்டுதான் இருந்தார். டேஷ்போர்டில் எல்லா விளக்கும் எரிந்தன. ஹாரன் அடித்தது. ஏசி ஃபேன் ஓடியது. எஞ்சின் மட்டும் சுற்றவில்லை. ஸ்டார்ட்டர் பக்கத்தில் 'டிக்' என்ற சத்தம்கூட இல்லை. ஸ்டார்ட்டர் போயிருந்தாலும் அந்தச் சத்தமாவது வரும். எனக்கு ஒன்றும் புரியவில்லை. திரையில் வந்த எழுத்தை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. புது வண்டிகள் எதையாவது சொல்லிக்கொண்டிருக்கும் என்று விட்டுவிட்டேன்.

ஒன்றும் புரியாதபோது ஃபியூஸிலிருந்து தொடங்க வேண்டும் என்பது வழக்கம். இந்த வண்டியில் இரண்டு ஃபியூஸ் பாக்ஸ். ஒன்று பானட்டுக்குள் பேட்டரி பக்கத்தில். இன்னொன்று ஸ்டியரிங்குக்குக் கீழே, ஒரு பிளாஸ்டிக் மூடிக்குப் பின்னால். அதைப் பார்க்க வண்டிக்கு வெளியே முட்டி போட்டு, தலையை பெடலுக்குப் பக்கத்தில் கொண்டுபோக வேண்டும். எந்த ஃபியூஸ் எதற்கு என்ற படம் மூடியின் உட்புறம் இருக்கும். அந்தப் படத்தில் நாற்பது இடம் இருந்தது. பெட்டியில் பாதி இடம் காலி. விலை கூடின மாடலுக்கும் குறைந்த மாடலுக்கும் ஒரே படத்தை ஒட்டியிருந்தார்கள். போதாததற்கு மூடியைக் கையில் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு எண்ணியிருக்கிறேன். நான் உருவிய முதல் ஃபியூஸில் ரேடியோ நின்றுபோனது.

"வண்டியோட புக்கு இருக்கா டீச்சர்?"

பீரோவிலிருந்து பிளாஸ்டிக் உறைகூடப் பிரிக்காத புத்தகத்தை எடுத்து வந்தார். கண்ணாடியை மாட்டிக்கொண்டு, கதவருகில் நின்று, வகுப்பில் பெயர் கூப்பிடுவதைப் போல ஒவ்வொன்றாக வாசித்தார்.

"பதினஞ்சு, ஹாரன். பதினாறு, கண்ணாடி. பதினேழு, ஸ்டாப் லேம்ப், பத்து ஆம்ப்ஸ்."

இப்போது வரும் ஃபியூஸ்களின் முதுகில் இரண்டு உலோகப் புள்ளிகள் தெரியும். டெஸ்ட் லேம்பின் கிளிப்பை பாடியில் எர்த்துக்கு மாட்டிவிட்டு, முனையால் இரண்டு புள்ளியையும் தொட வேண்டும். இரண்டிலும் விளக்கு எரிந்தால் ஃபியூஸ் நல்லது. ஒன்றில் எரிந்து இன்னொன்றில் எரியாவிட்டால் போய்விட்டது. உருவிப் பார்க்க வேண்டிய அவசியமே இல்லை. பதினேழாம் நம்பரில் ஒரு புள்ளியில்தான் எரிந்தது. சிறிய இடுக்கியால் உருவினேன். சிவப்பு நிறம், பத்து ஆம்ப்ஸ். உள்ளே வளைந்திருக்கும் கம்பி நடுவில் அறுந்து, கண்ணாடி போன்ற பகுதியில் கரி படிந்திருந்தது. மூடியில் செருகியிருந்த உதிரி ஃபியூஸ் ஒன்றை அதே இடத்தில் அழுத்தினேன். சிங்காரம் பட்டனை அமுக்கினார். எஞ்சின் ஓடியது.

டீச்சர் அல்ஹம்துலில்லாஹ் என்றார். எனக்குச் சந்தோஷத்தைவிடக் குழப்பம்தான் அதிகமாக இருந்தது. பிரேக் லைட்டுக்கும் எஞ்சின் ஸ்டார்ட் ஆவதற்கும் என்ன சம்பந்தம்? வீட்டுக்குப் போய் யோசித்தபோதுதான் விளங்கியது. டிரைவர் பிரேக்கை மிதித்திருக்கிறாரா என்று தெரிந்துகொண்டுதான் இந்த வண்டி ஸ்டார்ட் ஆகும். அந்தத் தகவல் பிரேக் லைட் லைனில் இருந்துதான் போகிறது. அந்த ஃபியூஸ் போனால், நாம் எவ்வளவு மிதித்தாலும் வண்டிக்கு மிதித்ததாகத் தெரியாது. திரை சொன்னது சரிதான்.

கிளம்பும்போது டீச்சர் கேட்டார். "எதுனால தம்பி போச்சு?"

"பழசாயிருக்கும் டீச்சர். இனிமே வராது."

பழசாகிவிட்டதால் ஃபியூஸ் போகாது என்று எனக்குத் தெரியும். அளவுக்கு மேல் கரண்ட் போனால்தான் அறுபடும். ஆனாலும் அப்படிச் சொல்லிவிட்டு வந்தேன்.

2. ஒரு நாள் ஸ்டார்ட், ஒரு நாள் கியர்

ஒன்பது நாள் கழித்து மறுபடியும் போனது. அதன் பிறகு ஐந்து நாளில். இரண்டு வாரம் ஒன்றும் இல்லை. பிறகு ஒரே வாரத்தில் இரண்டு தடவை. ஒவ்வொரு தடவையும் அதே பதினேழாம் நம்பர்.

அதிலும் ஒரே மாதிரி இல்லை. ஒரு நாள் சிங்காரம் போனில் சொன்னார். "அண்ணே, இன்னைக்கி வண்டி ஓடிக்கிட்டுத்தான் இருக்கு. கியரு வரமாட்டேங்குது. 'பி'லேயே பூட்டுன மாதிரி நிக்கிது."

நான் ஓடிப் போய்ப் பார்த்தால் அதுவும் அந்த சிவப்பு ஃபியூஸ்தான். 'பி' என்பது வண்டியை நிறுத்தி வைக்கும் நிலை. பிரேக்கை மிதித்திருப்பது தெரிந்தால்தான் லிவரை அதிலிருந்து எடுக்க விடும். எஞ்சின் ஓடும்போது ஃபியூஸ் போனால் கியர் வராது. நின்றிருக்கும்போது போனால் ஸ்டார்ட் ஆகாது. அது வரைக்கும் கண்டுபிடித்துவிட்டேன். எது அந்த ஃபியூஸை அறுக்கிறது என்பதுதான் தெரியவில்லை.

ஒவ்வொரு தடவையும் நான் தலத்தெருவிலிருந்து போய்ச் சேர்வதற்குள் பிசியோதெரபி நேரம் முடிந்துவிடும். அதனால் சிங்காரத்தின் கையில் ஐந்து சிவப்பு ஃபியூஸ் கொடுத்து, எப்படி உருவிப் போடுவது என்று காட்டினேன். ஒரே தடவையில் பிடித்துக்கொண்டார். டீச்சர் தனியாக வந்து கேட்டார். "தம்பி, பத்துக்குப் பதிலா இருவது போட்டுட்டா போவாதுல்ல?"

"போவாது டீச்சர். ஆனா ஃபியூஸ் தாங்குற அளவுக்கு ஒயர் தாங்காது. உள்ளுக்குள்ள உருகித் தீப்பிடிக்கும். சார் உள்ள இருக்குறப்ப அது வேணாம்."

இந்த வண்டி விஷயத்தில் நான் சொன்ன உருப்படியான பதில் அது ஒன்றுதான்.

வண்டியைப் பட்டறையில் இரண்டு நாள் நிறுத்திக்கொண்டேன். பிரேக் பெடலுக்கு மேலே இருக்கும் ஸ்விட்சைக் கழற்றிப் பார்த்தேன். நன்றாக இருந்தது. பின் பல்புகளை மாற்றினேன். மகன் சொல்லி யாரோ மாட்டியிருந்த கேமராவின் ஒயரைப் பிடுங்கினேன். தரைவிரிப்பைத் தூக்கி ஒயர்க் கட்டு முழுவதையும் விரலால் தடவிப் பார்த்தேன். பெடலை இருநூறு தடவை மிதித்திருப்பேன். நான் தனியாள் என்பதால் சீட்டுக்கும் பெடலுக்கும் இடையே ஒரு கட்டையை முட்டுக் கொடுத்துவிட்டுப் பின்னால் போய் நின்று லைட்டைப் பார்த்தேன். எல்லாம் எரிந்தன. கட்டையை எடுத்துவிட்டு டிக்கியைத் திறந்து உள்பக்கத்தைக் கழற்றிப் பார்த்தேன். சுத்தமாக இருந்தது. குண்டும் குழியுமான ரோட்டில் காரைக்கால்மேடு வரை ஓட்டிக்கொண்டு போய்த் திரும்பினேன். ஃபியூஸ் அப்படியே இருந்தது.

பிரான்சிலிருந்து மகன் வீடியோக்களாக அனுப்பிக்கொண்டிருந்தார். ஒன்றில் ஸ்விட்ச் என்றார்கள். ஒன்றில் கம்ப்யூட்டர் போர்டு என்றார்கள். எலி கடித்திருக்கும் என்றார் ஒருவர். எல்லாவற்றையும் பார்த்தேன். பார்க்கப் பார்க்க எனக்குத் தெரிந்ததிலும் சந்தேகம் வந்தது. இருபத்தேழு வருடத்தில் ஒரு பத்து ஆம்ப்ஸ் ஃபியூஸ் என்னை இப்படிச் சுற்றவிட்டதில்லை. வண்டியைத் திருப்பிக் கொடுத்தேன். நான்காம் நாள் போனது.

3. டீச்சர் எழுதி வைத்திருந்த கணக்கு

ஒரு மத்தியானம் டீச்சர் ஆட்டோவில் பட்டறைக்கே வந்துவிட்டார். கையில் ஒரு நோட்டு. ஃபியூஸ் போன நாட்களை எல்லாம் கிழமை போட்டு எழுதி வைத்திருந்தார்.

"இதப் பாருங்க தம்பி. கடைக்குப் போறோம், நாகூருக்குப் போறோம், எங்க அக்கா வீட்டுக்குப் போறேன். அப்பெல்லாம் ஒண்ணும் ஆவல. எல்லாம் திங்கள், புதன், வெள்ளி. இவுங்கள பிசியோதெரபிக்குக் கூட்டிட்டுப் போற அன்னைக்கித்தான் போவுது."

வாங்கிப் பார்த்தேன். உண்மைதான். ஒன்றுகூட விலகவில்லை.

டீச்சர் குரலைத் தாழ்த்தினார். "நாலு தடவ பிசியோதெரபி விட்டுப் போச்சு. கம்பியப் புடிச்சிக்கிட்டு எந்திரிச்சி நிக்க ஆரம்பிச்சவுங்க, இப்ப மறுபடியும் கால் நடுங்குது. விடாம வரணும்னு பிசியோதெரபி பண்ற பொண்ணு சொல்லிட்டே இருக்கு. வீட்ல எல்லாரும் ஒண்ணு சொல்றாங்க. சிங்காரத்துக்குத் தோள் வலி, இவுங்களத் தூக்கி ஏத்துறது கஷ்டமா இருக்கு, அதான் எதாச்சும் பண்ணுறான்னு. அவன் சட்டப் பையில சிவப்பு ஃபியூஸா கெடக்குது."

"அது நான் குடுத்தது டீச்சர்."

"சரி. நீங்க இந்த வேலையில இத்தன வருஷம் இருக்கீங்க. ஒரு வார்த்த சொல்லுங்க. இது தானா போவுதா, யாரும் போவ வைக்கிறாங்களா?"

தெரியவில்லை என்று நான் சொல்லியிருக்க வேண்டும். அதுதான் உண்மை. ஆனால் எத்தனை தடவை வந்து பார்த்திருக்கிறேன், இரண்டு நாள் வண்டியைப் பிரித்துப் போட்டிருக்கிறேன், அதற்குப் பிறகு தெரியவில்லை என்று சொல்ல வாய் வரவில்லை. வண்டியில் குறை இருந்தால் என் கண்ணில் பட்டிருக்கும் என்றுதான் அப்போது நினைத்தேன்.

"நான் எல்லாத்தையும் பாத்துட்டேன் டீச்சர். தானா போற மாதிரி தெரியல."

டீச்சர் நோட்டை மூடினார்.

அந்த வாரக் கடைசியில் சிங்காரம் பட்டறைக்கு வந்தார். பேருந்தில் வந்திருந்தார். சட்டைப் பையிலிருந்து இரண்டு சிவப்பு ஃபியூஸை எடுத்து என் மேஜைமேல் வைத்தார்.

"இது உங்களோடதுண்ணே. மிச்சம்."

"என்னாச்சு?"

"வர வேணாம்னு சொல்லிட்டாங்க."

என் முகத்தை ஒரு நிமிடம் பார்த்தார். நான் ஒரு ஹாரனைக் கழற்றிக்கொண்டிருந்தேன், அதிலேயே கண்ணை வைத்துக்கொண்டேன். அவர் போய்விட்டார். தப்பு செய்யாதவராக இருந்தால் ஏதாவது கேட்டிருப்பார், சண்டையாவது போட்டிருப்பார், ஒன்றும் பேசாமல் போகிறார் என்றால் ஏதோ இருக்கிறது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

அதன் பிறகு டாக்சி ஸ்டாண்டிலிருந்து ஆக்டிங் டிரைவர்கள் வந்து ஓட்டினார்கள். மூன்று வாரம் ஃபியூஸ் போகவில்லை. டீச்சர் போன் செய்து அதைச் சொன்னபோது என் மனதிலிருந்து ஒரு பாரம் இறங்கியது. நான் சொன்னது சரி என்று ஆகிவிட்டது. இருந்தாலும் முழுசாக நிம்மதி இல்லை. ஒரு மனிதன் எதைச் செய்து அந்த ஃபியூஸை அறுத்திருப்பான் என்று யோசித்துப் பார்த்தேன். அதற்கு ஒயரை எங்கேயாவது பாடியில் தொட வைக்க வேண்டும். நான் தேடியபோது ஒரு கீறல்கூட இல்லையே. அந்த யோசனை வரும்போதெல்லாம் வேறு வேலையை எடுத்துக்கொள்வேன்.

4. என் காலுக்குக் கீழேயே

நான்காவது வாரம் ஒரு புதன்கிழமை காலை டீச்சர் கூப்பிட்டார். வருவதாகச் சொன்ன ஆக்டிங் டிரைவர் வரவில்லை. வேறு ஆள் கிடைக்கவில்லை. "உங்களுக்கு வேல இல்லன்னா இன்னைக்கி ஒரு நாள் ஓட்டிட்டு வர்றீங்களா தம்பி? இவுங்க கெளம்பி உக்காந்திருக்காங்க."

போனேன். ஹாஜியாரைத் தூக்கி முன் சீட்டில் உட்கார வைத்தேன். நான் ஏறி எஞ்சினை ஓடவிட்டு ஏசியைப் போட்டேன். பிரேக்கிலிருந்து காலை எடுத்தேன். வாசல் சரிவில் வண்டி ஒரு இம்மி அசைந்து 'பி'யில் நின்றது. ஹாஜியார் இடது கையால் டேஷ்போர்டைப் பிடித்துக்கொண்டார். என் காலைக் காட்டிக் காட்டி ஏதோ சொன்னார். எனக்குப் புரியவில்லை.

வெளியே நின்ற டீச்சர் சொன்னார். "பிரேக்ல கால வச்சிக்கச் சொல்றாங்க. வண்டி அசைஞ்சா பயந்துடுவாங்க. ஒரு தடவ அப்படி அசைஞ்சி கத்திட்டாங்க. அதுலேருந்து சிங்காரம் எறங்கவே மாட்டான். இவுங்கள உக்கார வச்சிட்டு, பிரேக்க மிதிச்சிக்கிட்டே உக்காந்திருப்பான். வீல்சேர நான்தான் பின்னாடி ஏத்துவேன். இந்த ஆக்டிங் டிரைவருங்க யாரும் அப்படிச் செய்யல. வண்டிய ஆஃப் பண்ணிட்டு அவுங்களே ஏத்திடுறாங்க."

நான் பிரேக்கை மிதித்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஹாஜியார் கையைத் தளர்த்தினார். டீச்சர் நாற்காலியை மடக்கிப் பின்னால் தள்ளிக்கொண்டு போனார். டிக்கிக் கதவு மேலே ஏறும் சத்தம் கேட்டது. நாற்காலி உள்ளே விழுந்தது. கதவு மூடியது. டீச்சர் வந்து பின் சீட்டில் ஏறிக்கொண்டார்.

லிவரைப் பிடித்து இழுத்தேன். வரவில்லை.

பிரேக்கை இன்னும் அழுத்தி மிதித்தேன். திரையில் அந்த இங்கிலீஷ் வரி வந்தது. பிரேக்கை மிதிக்கவும்.

வண்டியில் இருந்தவர்கள் நாங்கள் மூன்று பேர். ஸ்டியரிங்குக்குக் கீழே கை போட்டவர் யாரும் இல்லை. பெடலில் இருந்தது என்னுடைய கால். ஏசி ஓடிக்கொண்டிருந்தது.

"என்னா தம்பி?" என்றார் டீச்சர்.

"எறங்குங்க டீச்சர். நீங்க வந்து இந்த சீட்ல உக்காருங்க."

புது ஃபியூஸைப் போட்டுவிட்டு, டீச்சரை டிரைவர் சீட்டில் உட்கார வைத்து, பிரேக்கை மிதித்துக்கொண்டே இருக்கச் சொன்னேன். நான் பின்னால் போனேன். மூன்று பிரேக் லைட்டும் எரிந்தன, பக்கத்துக்கு ஒன்று, டிக்கிக் கதவின் உச்சியில் ஒன்று. கதவை மெதுவாகத் தூக்கினேன். பாதி வரை எரிந்தன. முக்கால் வரை எரிந்தன. முழுதாக மேலே போனதும் மூன்றும் ஒன்றாக அணைந்தன.

கதவின் கீல் பக்கத்தில், பாடியிலிருந்து கதவுக்கு ஒயர் போகிற இடத்தில், ஒரு ரப்பர் குழாய் இருக்கும். அதை உருவிப் பார்த்தேன். உச்சி லைட்டுக்குப் போகும் ஒயரின் மேல்தோல் மடங்கி மடங்கி வெடித்திருந்தது. கடல்காற்றில் செம்பு பச்சை பிடித்திருந்தது. கதவு கீழே இருக்கும்போது ஒயர் தளர்வாகத் தொங்கும், எதையும் தொடாது. கதவு முழுக்க மேலே போகும்போது இழுபட்டுக் கீலின் இரும்பில் படும். படும் அந்த நேரத்தில் யாராவது பிரேக்கை மிதித்திருந்தால்தான் அதில் கரண்ட் இருக்கும். சில நாள் படும், சில நாள் படாது.

பட்டறையில் நான் பிரேக்கையும் மிதித்துப் பார்த்தேன், டிக்கியையும் திறந்து பார்த்தேன். இரண்டையும் ஒரே நேரத்தில் செய்யவில்லை. அதைச் செய்ய இரண்டு பேர் வேண்டும். டீச்சரின் நோட்டில் இருந்த கணக்கும் சரியானதுதான். பிசியோதெரபிக்குப் போகும் நாளில் மட்டும்தான் சக்கர நாற்காலி ஏறும். ஹாஜியார் பயப்படக் கூடாது என்று சிங்காரம் பிரேக்கிலிருந்து காலை எடுக்காமல் உட்கார்ந்திருந்தார். அப்படிப் பார்த்துக்கொண்டதால்தான் ஃபியூஸ் போனது.

டீச்சரை இறங்கி வரச் சொல்லி அந்த ஒயரைக் காட்டினேன். கதவை ஏற்றி இறக்கி, எப்படிப் படுகிறது என்று சொன்னேன். பிறகு சொன்னேன். "சிங்காரம் ஒண்ணும் பண்ணல டீச்சர். நான் சொன்னது தப்பு. எனக்குத் தெரியாமத்தான் சொன்னேன்."

அவர் அந்த ஒயரையே பார்த்துக்கொண்டிருந்தார். முன் சீட்டிலிருந்து ஹாஜியார் ஏதோ சத்தம் கொடுத்தார். நாங்கள் போனோம். அவர் ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னார்.

"சிங்... காரம்... இல்ல. இல்ல."

டீச்சர் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். "அவன அனுப்புன நாள்லேருந்து இதத்தான் சொல்லிக்கிட்டு இருக்காங்க தம்பி. ஆளக் காணும்னு தேடுறாங்கன்னு நெனச்சேன். சிங்காரம் இல்ல, அவன் போயிட்டான்னு நானும் தெனம் பதில் சொல்லிக்கிட்டு இருந்தேன்."

ஒயரில் வெடித்த பகுதியை வெட்டி எடுத்துவிட்டு, வேறு துண்டு சேர்த்து இன்சுலேஷன் டேப் சுற்றிக் கட்டி, இன்னொரு ஃபியூஸ் போட்டேன். இருபது நிமிடம் தாமதமாகப் போய்ச் சேர்ந்தோம்.

5. காரைக்கால்மேட்டில் அவர் கேட்டது

அன்று மத்தியானமே காரைக்கால்மேட்டுக்குப் போனேன். சிங்காரம் மீன் ஏலம் நடக்கும் இடத்துக்குப் பக்கத்தில் ஐஸ் பெட்டிகளை வண்டியில் ஏற்றிக்கொண்டிருந்தார். வலது தோளுக்குப் பாரம் கொடுக்காமல் இடது பக்கமாகவே சாய்ந்து தூக்கினார். என்னைப் பார்த்ததும் கையைத் துடைத்துக்கொண்டு வந்தார்.

"வாங்கண்ணே."

நடந்ததை எல்லாம் சொன்னேன். டிக்கிக் கதவு, ஒயர், நான் பிரேக்கை மிதித்திருந்தது, ஒன்று விடாமல். டீச்சரிடம் நான் சொன்ன வாக்கியத்தையும் சொன்னேன். அவருக்கு அது முன்பே தெரிந்திருந்தது.

"மெக்கானிக்கே சொல்லிட்டாருன்னுதான் டீச்சர் என்கிட்ட சொன்னாங்க. நான் உங்ககிட்ட வந்து நின்னேன். நீங்களா எதாவது சொல்லுவீங்கன்னு பாத்தேன்."

"தப்புதான் சிங்காரம்."

"இப்ப கண்டுபிடிச்சிட்டீங்க, சரி. கண்டுபிடிக்காம போயிருந்தா?"

பக்கத்தில் கிடந்த ஒரு ஐஸ் பெட்டியை நான் தூக்கி வண்டியில் வைத்தேன்.

அவரே பேசினார். "வேல போனது கூடப் பரவால்லண்ணே. கடலுக்குப் போவ முடியலன்னாலும் எதாவது ஒரு வேல கெடக்கும். வீட்ல எம் பொண்டாட்டி தெனம் கேக்குது. 'உண்மையச் சொல்லு, எதாச்சும் பண்ணியா?'ன்னு. மெக்கானிக் சொன்னா பொய்யாவா இருக்கும்னு கேக்குது. நான் என்னான்னு சொல்றது? எனக்கே கொழப்பமாப் போச்சு. தூக்கத்துல எதாவது பண்றோமான்னு கூட நெனச்சேன்."

"டீச்சர் உன்ன வரச் சொல்றாங்க."

"வர்றேன், வரல, அது அப்புறம். டீச்சரும் நீங்களும் ஒரு தடவ எங்க வீட்டுக்கு வாங்க. எங்கிட்ட ஒண்ணும் சொல்ல வேணாம். அதுகிட்ட சொல்லுங்க."

மறுநாள் நாங்கள் இரண்டு பேரும் போனோம். சிங்காரத்தின் மனைவி செல்வி நாற்காலி எடுத்துப் போட்டார். டீச்சர் உட்காரவில்லை. "எம்மா, உன் வீட்டுக்காரர் மேல ஒரு தப்பும் இல்ல. தப்பு என்னுது" என்றார். நான் அந்த ஒயரில் வெட்டி எடுத்த துண்டைக் கொண்டுபோயிருந்தேன். அதைக் காட்டி, எங்கே வெடித்திருக்கிறது, எப்படி இரும்பில் பட்டது என்று விளக்கினேன். செல்வி அதைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அவருக்கு எவ்வளவு புரிந்தது என்று தெரியவில்லை. கடைசியில், "அப்ப நான் கேட்டதெல்லாம்?" என்றார். யாரைப் பார்த்தும் கேட்கவில்லை. சிங்காரம் வாசலில் நின்று கடல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார்.

அடுத்த வாரம் அவர் வேலைக்குத் திரும்பினார். ஹாஜியாருக்காக வருவதாக டீச்சரிடம் சொல்லியிருக்கிறார். டிக்கியின் ஒயர் முழுவதையும் மாற்றிப் புது ரப்பர் போட்டுக் கொடுத்தேன். அதற்குப் பிறகு பதினேழாம் நம்பர் ஃபியூஸ் போகவில்லை. ஹாஜியார் இப்போது கம்பியைப் பிடித்து ஐந்தாறு அடி நடக்கிறார்.

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்ல வேண்டியது கொஞ்சம்தான். எரிந்த ஃபியூஸை மாற்றுவது வேலையில் பாதிகூட இல்லை. அது ஏன் எரிந்தது என்று பார்க்க வேண்டும். பார்க்கும்போது வண்டியை மட்டும் பட்டறைக்குள் வைத்துக்கொண்டு பார்க்காதீர்கள். அந்த வீட்டில் யார் எங்கே உட்காருகிறார்கள், யார் எந்தக் கதவைத் திறக்கிறார்கள், அந்த நேரத்தில் யாருடைய கால் எங்கே இருக்கிறது என்று கேளுங்கள். சிங்காரத்திடம் ஒரு தடவை கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். நான் கேட்கவே இல்லை.

இன்னொன்று. வாடிக்கையாளர் காரணம் கேட்டால், தெரியாதபோது தெரியவில்லை என்று சொல்லுங்கள். இப்போது நான் அப்படித்தான் சொல்கிறேன். "தெரியலங்க. இன்னும் பாக்கணும்." அதைக் கேட்டுவிட்டுச் சிலர் வேறு பட்டறைக்கு வண்டியைக் கொண்டுபோகிறார்கள். போகட்டும்.

டீச்சர் வீட்டு வண்டி இன்றும் என்னிடம்தான் வருகிறது. சிங்காரம்தான் கொண்டுவருகிறார். சாவியை மேஜைமேல் வைத்துவிட்டு, "பாத்து வைங்கண்ணே" என்பார். டீ சொல்லட்டுமா என்று கேட்பேன். வேண்டாம் என்று சொல்லிவிட்டு, வேலை முடியும் வரை ரோட்டுக்கு அந்தப் பக்கம் போய் நின்றுகொள்வார்.